புதுக் கரப்பான்களைக் காலனியில் சேர்க்கும் முன் 60 நாள்

முந்தாநாள் மாலை எனக்கு 40 டூபியா கரப்பான்கள் வந்து சேர்ந்தன. 25 பெண், 5 ஆண், மீதி பத்தும் நடுத்தரக் குஞ்சுகள். பார்க்க நன்றாகத்தான் இருக்கின்றன. மீசை முழுசாக இருக்கிறது, மூடியைத் தூக்கினால் சரசரவென்று இருட்டைத் தேடி ஓடுகின்றன. ஆனாலும் வந்த நாளிலிருந்து 60 நாள் முடியும் வரை என் பழைய காலனி, அதாவது நான் ஏற்கெனவே வளர்க்கும் கரப்பான் கூட்டம், இருக்கும் அறைக்குள் அவற்றில் ஒன்றுகூட நுழையாது. அந்த 60 எங்கிருந்து வந்தது, அந்த நாட்களில் நான் என்ன செய்கிறேன் என்பதைத்தான் எழுதுகிறேன். பல்லி, ஓணான் வகைகளுக்கு இரையாகக் கரப்பான் வளர்ப்பவர்களுக்கு இது உதவும்.

மூன்று வருடத்துக்கு முன்னால் நான் ஒரே ஒரு வாரம்தான் தள்ளி வைத்தேன். 30 பெண் கரப்பான்கள், எல்லாமே கொழுகொழுவென்று இருந்தன. ஒரு வாரத்தில் ஒன்றுகூடச் சாகவில்லை. சரி, இனி என்ன பயம் என்று காலனியில் கொட்டிவிட்டேன். மூன்றாவது வாரம் தீனித் தட்டின் விளிம்பில் மெல்லிசாக மாவு படிந்திருந்தது. தீனி சிந்திவிட்டது என்று துடைத்தேன். மறுநாள் அதே இடத்தில் அதே மாவு. லென்ஸ் வைத்துப் பார்த்தேன். மாவு நடந்துகொண்டிருந்தது.

அது தானிய மைட், தீனியில் பெருகும் மிகச் சிறிய உண்ணி வகை. அதை ஒழிக்க எனக்கு நாலு மாதம் ஆனது. கரப்பான்கள் ஒளிந்துகொள்ள வைத்திருந்த, கோழி முட்டை அடுக்கும் அட்டைகளை எல்லாம் எறிந்தேன். ஆயிரக்கணக்கான குஞ்சுகளைக் கொஞ்சம் கொஞ்சமாகப் புதுப் பெட்டிக்கு மாற்றினேன். மைட்டைக் காய வைக்க வேண்டும் என்று ஈரத்தைக் குறைத்தபோது, அப்போதுதான் பிறந்த குஞ்சுகள் தண்ணீர் இல்லாமல் செத்தன. அந்த வருத்தம் இன்னும் போகவில்லை. அவை என்னை நம்பித்தானே அந்தப் பெட்டிக்குள் இருந்தன. அன்றிலிருந்து, வந்த கரப்பான் எப்படி இருக்கிறது என்பதை வைத்து நாளை எண்ணுவதில்லை. அதோடு என்னென்ன ஒட்டிக்கொண்டு வந்திருக்கலாம், அதில் எது கடைசியாக வெளியே தெரியும் என்பதை வைத்துத்தான் எண்ணுகிறேன்.

கூடவே வருபவை

தானிய மைட்டுக்கு ஈரமும் சூடும் கிடைத்தால் இரண்டு வாரத்துக்குள் ஒரு தலைமுறை முடிந்துவிடும். அரை மில்லிமீட்டர்கூட இருக்காது, முத்து நிறம், நடை மெதுவாக இருக்கும். இதில் தொல்லை என்னவென்றால், சில வகைகள் நிலைமை சரியில்லாதபோது ஒரு பயண வடிவத்துக்கு மாறிவிடும். அந்த வடிவத்தில் அது சாப்பிடாது, வறட்சியைத் தாங்கும், அடியில் உள்ள உறிஞ்சிகளால் பூச்சியின் உடம்பில் அப்படியே ஒட்டிக்கொள்ளும். அதனால்தான் வந்த நாளில் ஒன்றுமே தெரியாது. ஈரமான தீனி கிடைத்த பிறகுதான் இறங்கி வந்து பெருகும். என் 30 கரப்பான்களிலும் இதுதான் நடந்திருக்க வேண்டும்.

அடுத்தது கூன்முதுகு ஈ. ஃபோரிட் என்று சொல்வார்கள். இரண்டு, மூன்று மில்லிமீட்டர்தான் இருக்கும். பறப்பதைவிட அதிகமாக ஓடும், அதுவும் விட்டு விட்டு, வெட்டி வெட்டி ஓடும். செத்த பூச்சி, அழுகிய தீனி இரண்டிலும் முட்டையிடும். சூடான பெட்டியில் இரண்டு மூன்று வாரத்தில் முட்டை ஈயாகிவிடும்.

வீட்டுக் கரப்பான், குறிப்பாக ஜெர்மன் கரப்பான், திருட்டுத்தனமாக வந்து சேரும். அதன் பெண் முட்டைப்பையை வயிற்று நுனியிலேயே தூக்கிக்கொண்டு திரிந்து, பொரியப்போகும் நேரத்தில்தான் கீழே போடும். ஒரு பையில் 30, 40 முட்டை. ஒரே ஒரு பெண் வந்திருந்தாலும் ஒரு மாதத்துக்குள் கறுப்பாக, முதுகு நடுவில் வெளிர் கோட்டோடு 3 மில்லிமீட்டர் குஞ்சுகள் தெரிய ஆரம்பித்துவிடும். இதைக் கண்டுபிடிக்கச் சுலபமான வழி ஒன்று உண்டு. டூபியாவால் சுத்தமான வழுவழுப்பான பிளாஸ்டிக் சுவரில் ஏற முடியாது. ஜெர்மன் கரப்பான் ஏறும். சுவரில் தூசி இல்லாமல் துடைத்து வைத்திருந்தால், பாதிச் சுவருக்கு மேலே நிற்பது எதுவானாலும் அது உங்களுடையது இல்லை.

செத்த பூச்சிகளைத் தின்னும் டெர்மெஸ்டிட் வண்டுதான் எல்லாவற்றிலும் மெதுவானது. முட்டையிலிருந்து வண்டாக ஏறக்குறைய ஆறு வாரம் ஆகும். நடுவில் பழுப்பு நிறத்தில் மயிர் அடர்ந்த புழுவாக இருக்கும். சிலர் இதைத் துப்புரவுப் பணிக்கென்றே காலனியில் வளர்க்கிறார்கள். என் பெட்டியில் நான் அனுமதிப்பதில்லை. தோல் உரித்து மென்மையாக இருக்கும் கரப்பானை அது கடிக்கும் என்பது ஒன்று, கூட்டுப்புழுவாகும் நேரத்தில் மென்மையான பொருளை எல்லாம் துளைக்கும் என்பது இன்னொன்று. 60 என்ற எண்ணுக்கு அடிப்படை இந்த வண்டுதான். அதன் ஆறு வாரத்தோடு, அதாவது 42 நாளோடு, நான் பின்னால் சொல்லப்போகும் 18 காவல் நாட்களையும் சேர்த்தால் 60 வரும்.

கண்ணுக்குத் தெரியாதவையும் உண்டு. குடலில் வாழும் ஒற்றைச் செல் ஒட்டுண்ணிகள், நூல்புழுக்கள், பூச்சிகளைத் தாக்கும் பூஞ்சைகள். இவற்றை வீட்டில் சோதித்துப் பார்ப்பது கஷ்டம். கரப்பானின் நடத்தையைத்தான் பார்க்க வேண்டும்.

இடமும் பெட்டியும்

வேறு அறை. இதில் எனக்குச் சமரசமே கிடையாது. ஒரே அலமாரியில் மேல் தட்டு, கீழ்த் தட்டு என்று வைத்துவிட்டு அதைத் தனிமைப்படுத்தல் என்று சொல்ல முடியாது. ஈ பறக்கும், மைட் நடக்கும். வேறு அறைக்கு வழியே இல்லை என்றால், இப்போதைக்குப் புதிதாக வாங்காதீர்கள். டூபியா காலனி வெளி வரவு இல்லாமலே பல வருடம் நன்றாக ஓடும். நானே இரண்டு வருடத்துக்கு ஒரு முறைதான் வெளியிலிருந்து சேர்க்கிறேன்.

பெட்டி கண்ணாடி போலத் தெளிவான பிளாஸ்டிக்காக இருக்கட்டும். திறக்காமலே எல்லாப் பக்கமும் பார்க்க முடிவதுதான் இதில் முக்கியம். காற்றுக்கு மூடியில் துளை வெட்டி எஃகு வலை ஒட்டுகிறேன். பிளாஸ்டிக் வலையைக் கரப்பான்கள் கடித்துவிடும். வலைக்கண் எவ்வளவு நுண்ணியதோ அவ்வளவு நல்லது, ஈக்கு நெளிந்து நுழையத் தெரியும். உள்சுவரின் மேல் விளிம்பில் நாலு விரல் அகலத்துக்குப் பெட்ரோலியம் ஜெல்லி மெல்லிசாகத் தடவுகிறேன்.

அப்புறம் அகழி. ஒரு பெரிய தட்டில் சோப்புத் தண்ணீர் ஊற்றி, நடுவில் இரண்டு கட்டை வைத்து, அதன் மேல் பெட்டி. பெட்டி சுவரையோ மேசையையோ எங்கேயும் தொடக் கூடாது. உள்ளேயிருந்து மைட் வெளியே வராது, வெளியிலிருந்து எறும்பு உள்ளே போகாது. தண்ணீர் வற்றிவிடும் என்பதால் இரண்டு நாளுக்கு ஒரு முறை பார்த்து ஊற்றுங்கள்.

பெட்டியின் அடியில் ஒன்றும் போடுவதில்லை. வெறும் பிளாஸ்டிக். ஒளிந்துகொள்ள, புதிதாக வாங்கிய முட்டை அட்டை மூன்று நாலு போதும். அதையும் முன்கூட்டியே நாலு நாள் ஃப்ரீசரில் வைத்து எடுப்பேன். சூடு 28 முதல் 30 டிகிரி. ஈரம் காலனியில் இருப்பதைவிடக் கொஞ்சம் குறைவு. ரொம்பக் காய்ந்துபோனால் தோல் உரிக்கும்போது சிக்கிக்கொள்ளும், அதனால் தண்ணீர் உறிஞ்சிய ஜெல் உருண்டைகளை ஒரு சின்ன மூடியில் எப்போதும் வைத்திருப்பேன்.

இடுக்கி, கிண்ணம், தூரிகை, கையுறை எல்லாமே இந்தப் பெட்டிக்குத் தனி. சிவப்பு டேப் ஒட்டி வைத்திருக்கிறேன், கலந்துவிடாது. நாளின் வேலை வரிசையும் மாறாது. முதலில் பழைய காலனி, கடைசியில் புதியவை, பிறகு கைகழுவி, சட்டை மாற்றுவது. புதியவற்றைப் பார்த்துவிட்டு ஏதோ மறந்துபோய்ப் பழைய அறைக்குள் போக வேண்டி வந்தால், மறுநாள் காலை வரை பொறுத்துக்கொள்கிறேன்.

வந்த அன்று

பார்சலைக் காலனி அறையில் பிரிக்காதீர்கள். ஆழமான, வழுவழுப்பான ஒரு தொட்டிக்குள் வைத்துப் பிரியுங்கள். கூட வந்த அட்டை, காகிதம், தீனி, தூள் எதையும் வைத்துக்கொள்ளக் கூடாது. ஒவ்வொரு அட்டையாகத் தட்டி, கரப்பான்களைத் தொட்டியில் விழவைத்து, அட்டையை உடனே பைக்குள் போட்டுக் கட்டி ஃப்ரீசரில் வைக்கிறேன். இரண்டு மூன்று நாள் உறைந்த பிறகுதான் குப்பைக்கு. எச்சத் தூள் பறக்கும், முகக்கவசம் போட்டுக்கொள்ளுங்கள். கரப்பான் தூசி ஒவ்வாமை வருடக்கணக்கில் பழகியவர்களுக்கும் வரும், வந்தால் லேசில் போகாது.

பிறகு ஒவ்வொன்றாகக் கையில் எடுத்துப் பார்ப்பது. இது அலுப்பான வேலை என்று நினைப்பவர்கள் உண்டு. எனக்கு இதுதான் பிடித்த பகுதி. முந்தாநாள் ஒரு பெண்ணை மல்லாத்திப் பிடித்து, பத்து மடங்கு லென்ஸில் பார்த்தேன். கால்கள் உடம்போடு சேரும் மடிப்பு, வாய்ப்பகுதி, கழுத்துக் கவசத்தின் அடி விளிம்பு, வயிற்று வளையங்களுக்கு நடுவே உள்ள இடுக்கு. மைட் ஒட்டியிருந்தால் இந்த நாலு இடத்தில்தான் இருக்கும். ஆண் என்றால் இறக்கையைக் கொஞ்சம் தூக்கி அடியிலும் பார்க்க வேண்டும். அந்தப் பெண்ணின் கால் மடிப்பில் வெளிர் நிறத்தில் ஒரு புள்ளி இருந்தது. ஈரத் தூரிகை நுனியால் தொட்டதும் வந்துவிட்டது. தீனித் துணுக்குதான். ஒட்டிய மைட் அப்படிச் சுலபமாக வராது.

மடகாஸ்கர் சீறும் கரப்பான் வைத்திருப்பவர்கள் இங்கே பதற வேண்டாம். அந்த இனத்தின் மேலேயே காலம் முழுக்க வாழும் ஒரு மைட் உண்டு, வெளிர் பழுப்பாக வேகமாக ஓடும், கரப்பானுக்குத் தீங்கு செய்யாது. அது வேறு கதை.

செத்து வந்தவற்றைத் தூக்கி எறியாதீர்கள். மூடியிட்ட ஒரு சின்ன டப்பாவில் போட்டு, தேதி எழுதி, ஒரு வாரம் வையுங்கள். ஈப்புழு நெளிகிறதா, மூட்டுகளின் வழியே வெள்ளையாகப் பஞ்சு போலக் கிளம்பிப் பிறகு பச்சையாகிறதா என்று பாருங்கள். சாதாரணப் பூசணம் எங்கே வேண்டுமானாலும் படரும். மூட்டு மூட்டாக உள்ளேயிருந்து வெடித்து வருவது என்றால் பூச்சிப் பூஞ்சையைச் சந்தேகப்பட வேண்டும்.

முதல் 42 நாள்

முதல் வாரத்தில் சில சாகும். பயணம், தாகம், குளிர். இந்த 40-ல் இதுவரை இரண்டு போயிருக்கின்றன, அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் இரண்டாவது வாரத்துக்குப் பிறகு சாகும் ஒவ்வொன்றுக்கும் காரணம் தேடுகிறேன். எப்படிச் செத்தது என்பதை நோட்டில் எழுதுகிறேன். மல்லாந்து கிடந்து கால்கள் வெடவெடவென்று துடிக்கின்றனவா, கோணலாக நடக்கின்றனவா? அப்படி இருந்தால் நோயைவிடப் பூச்சிமருந்தைத்தான் முதலில் சந்தேகப்படுவேன். எங்கேயோ மருந்தடித்த காய்கறி தின்றிருக்கலாம், கரப்பான் மருந்து வைத்த இடத்தில் இருந்திருக்கலாம். ஃபிப்ரோனில் போன்ற மருந்து, செத்த கரப்பானைத் தின்பதாலும் அதன் எச்சத்தைத் தின்பதாலும் அடுத்ததற்குப் போகும். அதனால் அப்படிக் கிடப்பதை அந்த நிமிடமே எடுத்துவிட வேண்டும், மற்றவை அதைத் தின்னக் காத்திருக்கின்றன.

நோய் போலத் தெரிந்து நோயாக இல்லாத இரண்டு விஷயங்களைச் சொல்லிவிடுகிறேன், புதியவர்கள் இதில்தான் அதிகம் பயப்படுகிறார்கள். ஒன்று, பால் வெள்ளையாக ஒரு கரப்பான் நிற்கும். அது தோல் உரித்த கரப்பான். சில மணி நேரத்தில் கறுத்துவிடும், தொடாமல் விடுங்கள். இன்னொன்று, பெண்ணின் வயிற்று நுனியில் வெளிர் மஞ்சளாக, வரி வரியாக ஒன்று நீட்டிக்கொண்டிருக்கும். டூபியா குட்டி போடும் இனம், முட்டைப்பையை வெளியே நீட்டித் திருப்பி மறுபடி உள்ளே இழுத்துக்கொள்ளும். நீங்கள் பார்த்தது அந்தத் தருணம். பயணக் களைப்பில் சில பெண்கள் பையை இழுத்துக்கொள்ளாமல் கீழே போட்டுவிடும். அது பொரியாது. பூசணம் பிடிக்கும், ஈயை அழைக்கும், எடுத்துவிடுங்கள்.

வாரம் இரண்டு முறை நான் செய்யும் சோதனை ஒன்று உண்டு. மைட்டைப் பொறுத்தவரை இதற்கு இணையாக வேறொன்றும் எனக்குத் தெரியாது. உள்ளங்கை அளவு கறுப்புக் காகிதத்தின் மேல் ஒரு துண்டு கேரட் வைத்து, இரவு முழுக்கப் பெட்டியில் விடுகிறேன். காலையில் கேரட்டைத் தூக்கி அதன் ஈரமான அடிப்பக்கத்தையும் காகிதத்தையும் விளக்கு வெளிச்சத்தில் இரண்டு நிமிடம் அசையாமல் பார்க்கிறேன். அந்த இரண்டு நிமிடம் முக்கியம். முதல் பார்வையில் எல்லாமே தூசி. பிறகு தூசியில் ஒன்று இடம் மாறும். எச்சத் தூளிலும் ஒரு சிட்டிகை எடுத்து இதே போலப் பார்க்கலாம். துள்ளிக் குதிக்கும் வெள்ளைத் துணுக்கு என்றால் அது ஸ்பிரிங்டெய்ல், கெடுதல் இல்லை, பெட்டி ஈரமாக இருக்கிறது என்று மட்டும் அர்த்தம்.

உரித்த தோல்களைக் கண்டவுடன் எடுத்துவிடுங்கள். உடம்பில் ஒட்டியிருக்கும் மைட் தோலோடு கழன்று வந்துவிடும் என்பதால் குஞ்சுகளுக்குத் தோல் உரிப்பதே ஒரு குளியல் மாதிரி. வளர்ந்தவை உரிப்பதில்லை, ஒட்டியது ஒட்டியபடியே இருக்கும். அடுத்த முறை வாங்கும்போது வளர்ந்த பெண்களைவிடக் குஞ்சுகளாகவே வாங்க வேண்டும் என்று நான் நினைப்பதற்கு இதுதான் காரணம். பலன் கிடைக்கச் சில மாதம் கூடுதலாகும், பரவாயில்லை.

கடைசி 18 நாள்: காவலுக்கு என் ஆண்கள்

42 நாள் சுத்தமாகப் போனால், என் பழைய காலனியிலிருந்து ஐந்து ஆண்களை எடுத்துப் புதியவற்றோடு விடுகிறேன். ஆண்கள் காலனியில் எப்போதும் உபரிதான். இதற்குக் காரணம், புதியவை ஒரு கிருமியோடு வாழப் பழகியிருக்கலாம். அவற்றைப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. பழகாத என் கரப்பானுக்கு அதே கிருமி போனால்தான் வெளியே தெரியும். ஐந்தின் இறக்கை மேலும் வெள்ளை பெயிண்ட் பேனாவால் ஒரு புள்ளி வைக்கிறேன், எது யாருடையது என்று குழப்பம் வராது. தீனிக்கு வருகிறதா, பகலில் வெளியே சோர்ந்து நிற்கிறதா, மீசையை அசைக்காமல் தொங்கவிட்டிருக்கிறதா என்று தினமும் பார்க்கிறேன். ஐந்தில் ஒன்று செத்தால் வயதாகவும் இருக்கலாம். இரண்டு செத்தால் மறுபடி முதல் நாள். எப்படியானாலும் அந்த ஐந்தும் புதியவற்றை விட்டுத் தனியாகப் பழைய அறைக்குத் திரும்பாது.

ஏதாவது தென்பட்டால்

மைட் என்றால், முதலில் ஈரத் தீனியை நிறுத்தி, மூன்று நாலு நாளுக்கு ஒரு முறை கரப்பான்களைப் புது அட்டை, புதுப் பெட்டிக்கு மாற்றுங்கள். ஜெல் உருண்டை மட்டும் இருக்கட்டும், குடிக்க வேண்டுமே. வளர்ந்த கரப்பான்களை ஒரு பையில் மாவோடு போட்டு மெதுவாகக் குலுக்கி எடுத்தால் ஒட்டியவை கொஞ்சம் உதிரும். மண்ணில் வாழும் வேட்டை மைட்டை விட்டுத் தானிய மைட்டைத் தின்னவைப்பவர்களும் உண்டு. எந்தத் தெளிப்பு மருந்தும் வேண்டாம், பூச்சிகளை உலர்த்திக் கொல்லும் டயட்டம் தூளும் வேண்டாம். மைட்டைக் கொல்வது கரப்பானையும் கொல்லலாம். கறுப்புக் காகிதம் சுத்தமான நாளிலிருந்து 42 மறுபடி தொடங்கும்.

ஈ என்றால் அழுகல் எங்கோ இருக்கிறது, தேடி எடுங்கள். ஜெர்மன் கரப்பான் என்றால் டூபியாக்களை ஒவ்வொன்றாகக் கையால் பொறுக்கிப் புதுப் பெட்டிக்கு மாற்றி, மிச்சம் எல்லாவற்றையும் கட்டி ஃப்ரீசரில் போடுங்கள்.

பூஞ்சையோ, காரணம் தெரியாத தொடர்ச் சாவோ என்றால் அந்தக் கூட்டத்தை நான் சேர்ப்பதே இல்லை. பல்லிக்கும் போடுவதில்லை. வளர்ந்த பெண்கள் நல்ல வம்சமாக இருந்து, மைட்தான் போக மறுக்கிறது என்றால் இன்னொரு வழி இருக்கிறது. அவற்றை அங்கேயே காலம் முழுக்க வைத்துவிட்டு, அவை போடும் குஞ்சுகளைப் பிறந்த அன்றே தூரிகையால் தனிப் பெட்டிக்கு எடுத்து, அந்தக் குஞ்சுகளை மட்டும் 60 நாள் பார்த்துச் சேர்ப்பது. ஒரு பெண் ஒரு ஈட்டுக்கு 20, 30 குஞ்சு போடும். பொறுமை இருந்தால் போதும்.

சேர்க்கும் நாள்

61-ஆவது நாள் மாலை, காலனி சுறுசுறுப்பாகும் நேரத்தில் சேர்க்கிறேன். புதியவற்றின் அட்டை எதுவும் கூடப் போவதில்லை. வெறும் கரப்பான்கள் மட்டும், அதுவும் முதலில் பத்து. ஒரு வாரம் கழித்து மீதி. பழைய காலனியிலும் அடுத்த ஒரு மாதம் கறுப்புக் காகிதம் வைத்துப் பார்ப்பேன். காலியான பெட்டியைச் சோப்பும் வெந்நீரும் போட்டுக் கழுவி, வெயிலில் காயவைத்து, மூடியில் ஒட்டியிருக்கும் தேதிச் சீட்டைக் கிழித்து நோட்டில் ஒட்டுவேன். இந்த முறை சீட்டில் இப்போதைக்கு இவ்வளவுதான் இருக்கிறது: நாள் 2, வந்தது 40, இருப்பது 38, காகிதம் சுத்தம்.